தலையாட்டி வேடம்

“உங்கள் சிங்களம் மிகவும் நன்றாக இருக்கிறது, ஐயா. கொஞ்சம் கெடுத்துப் பேச முடியுமா?”

இப்படிக் கேட்காத இயக்குநரை நான் இன்னும் காணவில்லை. கேட்கும்போது சிலர் தலையைச் சொறிவார்கள், சிலர் என் தோளில் கை போடுவார்கள். விஷயம் ஒன்றுதான். தமிழன் வேடத்துக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். தமிழன் என்றால் சிங்களத்தைத் தட்டுத்தடுமாறித்தான் பேச வேண்டும். நானோ வானொலியில் செய்தி வாசிப்பவரைப் போலப் பேசித் தொலைக்கிறேன். சரி என்று கெடுத்துப் பேசுவேன். விளக்குப் பிடிப்பவர் முதல் தேநீர் கொடுப்பவர் வரை சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை என்பது எனக்குத் தெரியும். இருந்தாலும் ஒவ்வொரு தடவையும் வீடு திரும்பும்போது தாடை வலிக்கும்.

நடிப்பு எனக்குச் சோறு போட்ட தொழில் அல்ல. புகையிரத நிலையங்களில் டிக்கட் கொடுப்பவனாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். இளமையில் பாதி சிங்கள ஊர்களில் கழிந்தது. அந்தச் சின்ன யன்னலுக்குப் பின்னால் இருந்து, வருகிறவன் போகிறவன் எல்லோரிடமும் ஏச்சு வாங்கியே சிங்களம் படித்தேன். பிறகு மாற்றல் கிடைத்து மட்டக்களப்புக்கு வந்தேன். வாவியில் படம் எடுக்க வந்த ஒரு கூட்டம் திரும்பிப் போவதற்கு டிக்கட் பதிய வந்தது. என் பேச்சைக் கேட்ட ஒருவர் அன்று மாலையே என்னை ஒரு தோணியில் ஏற்றி மீன் வியாபாரியாக்கிவிட்டார். இரண்டு வசனம் பேசினேன். மூன்றாவது வசனத்துக்கு முன்பு என்னைச் சுட்டுவிட்டார்கள்.

அதன்பின் தொலைக்காட்சி நாடகங்களிலும் படங்களிலும் நான் ஏற்காத தமிழன் இல்லை. வட்டிக்குக் கொடுப்பவன், நகைக்கடைக்காரன், தேயிலைத் தோட்டத்துக் கிழவன், கோயில் ஐயர். சண்டைக் காலத்தில் பையில் குண்டு கொண்டுபோனேன். சண்டை முடிந்ததும் ஒரே நாளில் நல்ல தமிழனாகிவிட்டேன். அயல் வீட்டுச் சிங்களக் குடும்பத்துக்கு வாழையிலையில் பொங்கல் கொண்டுபோய்க் கொடுக்கிற தமிழன். பொங்கல் கொடுத்தும் தப்பவில்லை, பத்தாவது வாரத்தில் மாரடைப்பு வந்துவிடும். படப்பிடிப்புக்குப் பை கட்டும்போது என் மனைவி வாசலில் நின்று கேட்பாள்: “இந்த முறையாவது முடியுமட்டும் உசிரோட இரிப்பீங்களா?” எனக்கும் தெரியாது. கதையை யாரும் எங்களைப் போன்றவர்களிடம் முழுதாகச் சொல்வதில்லை.

ஓய்வு பெற்ற பிறகு மத்தியானச் சோறு தின்றுவிட்டு, மின்விசிறிக்குக் கீழே படுத்து, போனில் பழைய அமெரிக்கப் படங்கள் பார்க்கும் பழக்கம் வந்தது. கறுப்பு வெள்ளைப் படங்கள். அவற்றில்தான் அந்த ஜெர்மன்காரரைக் கண்டேன். கதாநாயகனும் நாயகியும் யாராக இருந்தாலும், எங்காவது ஒரு மூலையில் இவர் வந்து நிற்பார். வழுக்கைத் தலை, சோர்ந்த கண், சொல்லை மென்று துப்புகிற மாதிரி ஓர் ஆங்கிலம். ஒரு படத்தில் ஹோட்டல் மேலாளர், இன்னொன்றில் வைத்தியர், மற்றதில் வைரம் கடத்துகிறவர். வந்து மூன்று நிமிடம் பேசுவார், பிறகு காணாமல் போவார் அல்லது செத்துப்போவார். முதல் நாளே எனக்கு ஆளைப் பிடித்துவிட்டது. சொந்தக்காரனைச் சந்தையில் கண்ட மாதிரி இருந்தது.

பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. பெயர் தெரியாமல் பார்க்கப்பட்டே வாழ்ந்த மனிதர், அப்படியே இருக்கட்டும். அவரைப் பற்றி இணையத்தில் தேடி வாசித்தேன். ஜெர்மனியில் பிறந்து, அங்கே பெரிய மேடைகளில் நல்ல வேடங்கள் கட்டியவர். காலம் கெட்டபோது உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு கடல் கடந்திருக்கிறார். ஹொலிவூட்டில் அவருக்கு வேலை கொடுத்தது அவருடைய நடிப்பு அல்ல, அவருடைய நாக்கு. பிறகு உலக யுத்தம் வந்ததும் அவருக்கு வேலை குவிந்தது. என்ன வேலை தெரியுமா? யாருக்குப் பயந்து ஊரை விட்டு ஓடினாரோ, அவர்களுடைய சீருடையைப் போட்டுக்கொண்டு, சப்பாத்துக் குதி தட்டி வணக்கம் வைத்து, அகதிகளை விரட்டுகிற வேலை. படம் படமாக அதைச் செய்திருக்கிறார். யுத்தம் முடிந்ததும் மறுபடி வைத்தியராகிவிட்டார். வயதான காலத்தில் ஒரு படத்தில் மணிக்கூடு திருத்துகிறவராக வந்து, “நாளைக்கு வாருங்கள்” என்று மட்டும் சொல்கிறார். அதிலும் அந்த நாக்கு அப்படியே இருக்கிறது. அத்தனை வருஷம் அமெரிக்காவில் கிடந்தவருக்கு அந்த ஊர்ப் பேச்சு வராமலா போயிருக்கும்? வந்திருக்கும். யாரோ ஒருவர் தோளில் கை போட்டு, கொஞ்சம் கெடுத்துப் பேசுங்கள் என்றிருப்பார்.

அவர் நடித்த படங்களின் பட்டியல் எல்லா இடத்திலும் இருக்கிறது. அவர் அந்தச் சீருடையில் நிற்பதை அவருடைய சொந்தத்தில் யார் பார்த்தார்கள், பார்த்து என்ன சொன்னார்கள் என்று ஓரிடத்திலும் இல்லை. எனக்கு அதுதான் தெரிய வேண்டியிருந்தது.

காரணம், எனக்கு ஓர் அக்கா இருக்கிறார்.

அம்மா சீக்கிரம் போய்விட்டதால் என்னைக் குளிப்பாட்டித் தலை சீவிப் பள்ளிக்கூடம் அனுப்பியவர் அக்காதான். வாவிக்கு மேற்கே, வவுணதீவுக்கு அப்பால், வட்டை ஓரமாக இருக்கும் வீட்டில் தனியாக இருக்கிறார். வட்டை என்றால் எங்கள் பக்கத்தில் வயல்வெளி. அத்தான் இறந்துவிட்டார். மகள் டவுனில் குடும்பமாக இருக்கிறாள். மகன் ஒருவன் இருந்தான். அவனைப் பற்றி எழுதும்போது ‘இருந்தான்’ என்று எழுதுவதா ‘இருக்கிறான்’ என்று எழுதுவதா என்பதுதான் எங்கள் குடும்பத்தின் இத்தனை வருஷத்துச் சண்டை.

அவன் போனது ஒரு சுற்றிவளைப்பில். விடியற்காலையில் ஆமிக்காரர் ஊரைச் சுற்றி நின்றுகொண்டு, எல்லோரையும் பள்ளிக்கூட மைதானத்துக்கு வரச் சொன்னார்கள். அங்கே ஒரு ஜீப்புக்கு முன்னால், தலையில் சாக்கு மூடிய ஒருவனை நிறுத்தியிருந்தார்கள். சாக்கில் கண்ணுக்கு மட்டும் இரண்டு ஓட்டை. அவனைத்தான் நாங்கள் தலையாட்டி என்போம். அவனும் எங்கேயோ பிடிபட்டு அடிவாங்கி வந்தவன்தான். ஆம்பிளைகளை வரிசையாக அவன் முன்னால் நடத்துவார்கள். அவன் பேசமாட்டான். யாரைப் பார்த்துத் தலையாட்டுகிறானோ அவனை ஏற்றிக்கொண்டு போவார்கள். அன்று ஏற்றிய சிலர் திரும்பி வந்தார்கள். அக்காவின் மகன் வரவில்லை. பெம்பிளைகள் பக்கத்தில் இருந்து அக்கா அந்தத் தலையாட்டலைக் கண்ணால் பார்த்தவர்.

பிறகு மகனின் போட்டோவை வைத்துக்கொண்டு அவர் ஏறாத படி இல்லை. அதை எல்லாம் எழுத எனக்குத் தெம்பு இல்லை. இந்தப் பக்கத்தில் ஒவ்வொரு ஊரிலும் அப்படி ஒரு தாய் இருக்கிறார், அவர்களைக் கேட்டாலே போதும்.

இப்போது அக்காவுக்கு வயது போய்விட்டது. வட்டைக்குள் யானை வருகிறது. போன அறுவடையோடு ஒன்று வந்து, நெல் மணத்துக்குக் குசினிச் சுவரை இடித்துத் தலையை உள்ளே விட்டது. அக்கா அடுத்த அறையில் பாயில் படுத்திருந்தார். மருமகள், அதாவது அக்காவின் மகள், என்னிடம் வந்து அழுதாள்.

“மாமா, அம்மாவ என்னோட வந்திரிக்கச் சொல்லுங்க. அண்ணன் வந்தா வீட்டைத் தேடுவானாம், பூட்டிக் கிடந்தா கிறுகிப் போயிருவானாம். அமுது ஒண்டக் குடுத்துப்போட்டா மனசு ஆறி வந்திருவா. நீங்க சொன்னாத்தான் கேப்பா.”

அமுது என்பது இறந்தவருக்கு நாங்கள் செய்யும் கடமை. அவருக்குப் பிடித்ததை எல்லாம் சமைத்து இலையில் படைப்போம். அதைக் கொடுத்துவிட்டால் ஆள் இல்லை என்று வீடு ஒத்துக்கொண்டதாக அர்த்தம். அக்கா இவ்வளவு காலமும் கொடுக்கவில்லை. தாய்மாமன் என்ற முறைக்கு அதை எடுத்துச் சொல்லும் வேலை என் தலையில் விழுந்தது.

போய்ச் சொன்னேன். இடிந்த சுவருக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு, “அக்கா, அவன் இனி இல்ல. இனியும் பாத்துக்கொண்டிரிக்க ஏலா” என்றேன். இத்தனை வருஷத்தில் அவர் முகத்துக்கு நேரே யாரும் சொல்லாத சொல் அது. அக்கா அழவில்லை, ஏசவும் இல்லை. “யோசிச்சுச் சொல்றன்” என்றார். அப்படி அவர் சொன்னதே முதல் தடவை. மருமகள் டவுன் வீட்டில் அம்மாவுக்கு என்று ஓர் அறையை வெள்ளையடிக்கத் தொடங்கிவிட்டாள். எனக்கு ஒரு பாரம் இறங்கிய மாதிரியும் இருந்தது, பாவம் செய்துவிட்ட மாதிரியும் இருந்தது.

அந்த நாட்களில்தான் கொழும்பிலிருந்து அந்த இளம் இயக்குநர் என் வீட்டுக்கு வந்தார். நல்ல பிள்ளை. என் மனைவி வைத்த மீன் குழம்பை இரண்டாம் தரமும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். கையைக் கழுவிவிட்டு வந்து, தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னார். எங்கள் பக்கத்தில் ஒரு படம் எடுக்கப்போகிறாராம். அதில் ஒரு சுற்றிவளைப்பு வருகிறதாம். தலையாட்டியாக நான் நடிக்க வேண்டுமாம்.

“முகம் தெரியாது. கண் மட்டும்தான் தெரியும். அந்தக் கண்ணில் பயமும் இருக்க வேண்டும், வெட்கமும் இருக்க வேண்டும். உங்களை விட்டால் எனக்கு வேறு யாரையும் தெரியவில்லை” என்றார். பிறகு, “வசனம் ஒன்றும் இல்லை” என்றார்.

மற்றதை விட அந்தக் கடைசிச் சொல்தான் என்னை இழுத்தது. வசனம் இல்லை. கெடுத்துப் பேச ஒன்றும் இல்லை. முப்பது வருஷம் நாக்கை முறித்து முறித்துப் பேசியவனுக்கு அது எவ்வளவு பெரிய ஆறுதல் என்று மற்றவர்களுக்குச் சொன்னாலும் விளங்காது. மனைவி அடுப்படியில் நின்று என்னை முறைத்தாள். எனக்கும் அக்காவின் ஞாபகம் வராமல் இல்லை. ஆனால் அந்த ஜெர்மன்காரரும் ஞாபகத்துக்கு வந்தார். தன்னை விரட்டியவர்களின் சட்டையையே போட்டுக்கொண்டு அந்த மனிதர் வேலைக்குப் போயிருக்கிறார். அதுவும் முகத்தைத் திறந்துகொண்டு. எனக்கோ முகம் மூடியிருக்கும். அக்காவுக்கு யார் போய்ச் சொல்லப்போகிறார்கள்? ஓம் என்று சொல்லிவிட்டேன். அக்காவிடம், கொழும்பில் ஒரு நாடகம், கடைக்காரன் வேடம் என்று சொல்லி வைத்தேன்.

ஆட்களைச் சேர்க்கும் பொறுப்பு ஏறாவூரைச் சேர்ந்த ஒருவருக்கு. இந்தப் பக்கம் எந்தப் படப்பிடிப்பு வந்தாலும் வான், சாப்பாடு, ஆட்கள் எல்லாம் அவர்தான். பழைய சிநேகிதர். அக்காவின் ஊரில் இருந்து ஒருவரையும் ஏற்ற வேண்டாம் என்று அவரிடம் சொல்லியிருந்தேன். “அண்ணன், நீங்க யோசிக்காதீங்க, நான் அந்தப் பக்கமே போகமாட்டன்” என்றார். அவர் போகவில்லைதான்.

கூரை போன ஒரு பழைய பள்ளிக்கூடத்தின் மைதானத்தில் படப்பிடிப்பு. விடியற்காலைக் காட்சி என்று எழுதியிருந்தாலும் வெயில் ஏறிவிட்டது. கலைப் பிரிவில் இருந்த பெண் நெல் சாக்கு ஒன்றில் கண்ணுக்கு ஓட்டை வெட்டி என் தலையில் மாட்டினாள். உள்ளே உமித் தூசி. தும்மித் தும்மி எனக்கு மூச்சு முட்டியது. ஆட்கள் வந்தபிறகு நான் சாக்கைக் கழற்றக்கூடாது, பேசவும் கூடாது என்று இயக்குநர் கேட்டுக்கொண்டார். நான் யார் என்று தெரியாமல் இருந்தால்தான் அவர்கள் முகத்தில் உண்மையான பயம் வரும் என்று நினைத்தார். அதனால் ஜீப்புக்கு முன்னால், வெறுங்காலோடு, வாய் மூடி நின்றேன்.

பஸ் வந்தது. எல்லோரும் வயதானவர்கள், இளசுகள் எல்லாம் கட்டாரிலும் துபாயிலும் இருக்கிறார்கள். இறங்கியவர்களுக்கு எங்கே இருக்க வேண்டும் என்று உதவி இயக்குநர் சொல்ல வாயெடுத்தார். அதற்குள் ஆம்பிளைகள் ஒரு பக்கமும் பெம்பிளைகள் ஒரு பக்கமும் பிரிந்து, நிலத்தில் சம்மணம் போட்டு இருந்துவிட்டார்கள். அடையாள அட்டைகளும் வெளியே வந்துவிட்டன. ஒவ்வொருவரும் அதை வலது கையில் நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டிருந்தார்கள். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. படம் என்று தெரிந்து, சோற்றுப் பார்சலுக்கு ஓம் என்று சொல்லி, சிரித்துப் பேசிக்கொண்டு வந்தவர்கள்தான். மண்ணில் இருந்தவுடன் பேச்சு நின்றுவிட்டது.

காட்சியை எடுக்கத் தொடங்கினார்கள். ஆட்கள் ஒவ்வொருவராக என்னைக் கடந்து போக வேண்டும். போகும்போது என் சாக்கைப் பார்த்துப் பயப்பட வேண்டும். அது நடக்கவில்லை. ஒருவரும் தலையை நிமிர்த்தவில்லை. எல்லோரும் நிலத்தைப் பார்த்துக்கொண்டு போனார்கள். மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அப்படியே. இயக்குநர் ஏறாவூர்க்காரரைக் கூப்பிட்டுச் சொல்லச் சொன்னார். அவரும் தொண்டை கிழியக் கத்தினார்.

“பெரியவங்க, கொஞ்சம் நிமிந்து பாருங்க! இது படம்! சாக்கைப் பாருங்க!”

வரிசையில் நின்ற கிழவர் ஒருவர் நிலத்தைப் பார்த்தபடியே பதில் சொன்னார். “மனே, பாத்தவனுக்குத்தானே அவன் தலைய ஆட்டினவன். பாக்காதவன்தான் வீட்ட போனவன்.”

அதற்கு மேல் யார் என்ன சொன்னாலும் கழுத்துகள் நிமிரவில்லை. மனதுக்கு இது படம் என்று தெரிகிறது. கழுத்துக்குத் தெரியவில்லை. இயக்குநர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நாற்காலியில் இருந்துவிட்டார்.

அப்போதுதான் பெம்பிளைகள் பக்கத்தில் ஒருவர் எழும்பினார். குனிந்த அத்தனை தலைகளுக்கும் நடுவில் ஒரு தலை நிமிர்ந்து என்னை நேரே பார்த்தது. அக்கா.

பக்கத்து ஊரில் தெரிந்த ஒருத்தி, சுற்றிவளைப்பு எடுக்கிறார்களாம் என்று சொல்ல, அவளோடு சேர்ந்து பஸ் ஏறி வந்திருக்கிறார். அது எனக்குப் பிறகுதான் தெரியும். அந்த நேரத்தில், சாக்கின் இரண்டு ஓட்டைக்குள்ளால் அக்காவைக் கண்டபோது, நிலம் திறந்து என்னை விழுங்கினால் நல்லது என்று நினைத்தேன். கமராக்காரருக்கு இயக்குநர் கை காட்டினார், நிறுத்த வேண்டாம் என்று. அக்கா நேரே நடந்து வந்து எனக்கு ஒரு முழம் தள்ளி நின்றார். வெற்றிலை மணம் வந்தது.

“தம்பி,” என்றார். “நான் உன்னோட சண்டை பிடிக்க வரல்ல. உனக்கும் அடிச்சிருப்பாங்க. நீ ஆட்டாட்டி உன்னைச் சுட்டிருப்பாங்க. அது எனக்கு விளங்கும்.”

கையிலிருந்த அடையாள அட்டையை இடுப்பில் சொருகிக்கொண்டார்.

“என்ர புள்ளய ஏத்திக்கொண்டு போனத்துக்குப் பொறகு நடந்தது உனக்குத் தெரிஞ்சிரிக்கும். எங்க கொண்டு போன, என்ன செஞ்ச எண்டு ஒண்டும் எனக்கு வேணாம். ஒண்டு மட்டும் சொல்லு. அவன் உசிரோட இரிக்கானா?”

நான் அசையவில்லை.

“வாயால சொல்ல வேணாம் மனே. நீங்க வாய் திறக்க மாட்டீங்க எண்டு தெரியும். ஓம் எண்டா தலைய ஆட்டு.”

போன மாதம் இதே அக்காவிடம் இதே நான், அவன் இல்லை என்று வாயால் சொல்லியிருக்கிறேன். அதுதான் உண்மை என்று இன்றைக்கும் நம்புகிறேன். அசையாமல் நின்றிருந்தால் போதும். அமுது நடந்திருக்கும், வெள்ளையடித்த அறையில் அக்கா நிம்மதியாகப் படுத்திருப்பார், யானைப் பயம் இல்லை. இதெல்லாம் அந்த நேரத்திலேயே என் புத்தியில் ஓடியது. ஆனால் அக்கா அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். அந்த முகத்துக்கு முன்னால் அசையாமல் நிற்க என்னால் முடியவில்லை.

நான் தலையை ஆட்டினேன்.

அக்கா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, போய்த் தன் இடத்தில் இருந்துவிட்டார். நான் அழுதேன். கண்ணீருக்கு உமித் தூசி சேறாகி மூக்கில் ஒட்டியது. இயக்குநர் ஓடிவந்து சாக்கோடு சேர்த்து என்னைக் கட்டிப்பிடித்தார். படத்தின் உயிரே இதுதான் என்றார். பாவம், அந்தப் பிள்ளையும் அழுதுகொண்டிருந்தது.

பஸ் புறப்பட்டுப் போகும்வரை நான் சாக்கைக் கழற்றவில்லை. ஜீப்பின் பின்னால் போய் நிழலில் குந்தியிருந்தேன். ஜெர்மன்காரரை நினைத்தேன். அந்தக் கறுப்புச் சப்பாத்தோடு அவர் வேலை முடிந்து வரும்போது, ஸ்டூடியோ வாசலில் அவருடைய ஊர்க்காரி ஒருத்தி நின்று, என் பிள்ளையை எங்கே கொண்டுபோனீர்கள் என்று கேட்டிருப்பாளா? கேட்டிருந்தால் அவர் எந்த நாக்கால் பதில் சொல்லியிருப்பார்? ஒன்றும் தெரியவில்லை. உடம்பு முழுக்க அடித்துப் போட்ட மாதிரி இருந்தது. இனி ஒரு வேடமும் வேண்டாம் என்று தோன்றியது.

அந்த வாரக் கடைசியில் மருமகள் போன் எடுத்தாள்.

“மாமா, அம்மா அமுதுக் கதையே எடுக்க வேணாமாம். வீட்ட விட்டும் வரமாட்டாவாம். அண்ணன் உசிரோட இரிக்கான் எண்டு ஆரோ சொல்லிப்போட்டாங்களாம். ஆர் மாமா இந்த வயசில அவட மனசக் குழப்பின?”

நேரே பார்க்கிறேன் என்று சொல்லி வைத்துவிட்டு, அடுத்த நாள் காலையில் வாவிப் பாலத்தைக் கடந்து அக்கா வீட்டுக்குப் போனேன். போகும் வழியெல்லாம் சொல்ல வேண்டியதை வசனம் போலப் பாடமாக்கினேன். அந்தச் சாக்குக்காரன் நான்தான் என்று சொல்லிவிடுவது. காலில் விழுந்தாவது சொல்லிவிடுவது. அக்கா என்னை வாசற்படியில் ஏறவிடாமல் செய்தாலும் பரவாயில்லை, உண்மை தெரிந்தால் மகளோடு போய்விடுவார்.

அக்கா குசினியில் இருந்தார். யானை இடித்த சுவருக்கு மண் குழைத்து அப்பிக்கொண்டிருந்தார். கை இரண்டும் முழங்கை வரை மண். என்னைக் கண்டதும், “தேத்தண்ணி ஊத்திக் கிடக்கு, எடுத்துக் குடி” என்றார். நான் எடுக்கவில்லை.

“அக்கா, அண்டைக்குப் படம் எடுத்த இடத்தில தலையாட்டினவன்...”

“ம்.”

“அவன் நடிக்க வந்தவன் அக்கா. அவனுக்கு ஒண்டும் தெரியா. அந்தத் தலையாட்டல நம்பிக்கொண்டு நீங்க இஞ்ச இரிக்காதீங்க. அது...”

“நீதானே,” என்றார் அக்கா.

அப்படியே நிலத்தில் இருந்துவிட்டேன்.

“பஸ்ஸால இறங்கக்குள்ளயே தெரிஞ்சிட்டு. நான் குளிப்பாட்டின உடம்பு, சாக்கப் போட்டு மூடினாப்போல தெரியாமப் போயிருமா?” அவர் இன்னொரு பிடி மண் எடுத்து வெடிப்பில் வைத்து அழுத்தினார். குரலில் கோபம் இல்லை. களைப்பு மட்டும் இருந்தது.

“தெரிஞ்சுகொண்டா கேட்டீங்க?”

“ஓம்.”

“அக்கா, போன மாசம் நான் இஞ்ச இரிந்து சொன்னதுதான் உண்மை. அங்க ஆட்டினது பொய்.”

“அதுவும் தெரியும்.”

“மறுகா ஏன் என்னட்டக் கேட்டீங்க?”

அக்கா கையை நிறுத்தினார். என்னைத் திரும்பிப் பார்க்காமல், சுவரைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

“வேற ஆளெண்டா நான் கேட்டிருக்கவே மாட்டன் தம்பி. அவன் ஆட்டாம நிண்டிட்டா, மறுகா நான் எப்பிடி இரிக்கிற?”